17 முறை வெறுங்கையோடு திரும்பியும் 18-வது முறை நடந்த ராமானுஜர்: ஸ்ரீபெரும்புதூர்க்காரரின் கால்கள் சொல்லும் கதை என்ன?

ஸ்ரீபெரும்புதூர் என்றதும் இன்று பலருக்கு முதலில் நினைவுக்கு வருவது கார், செல்போன், கம்பெனி பஸ். இருங்காட்டுக்கோட்டை, சுங்குவார்சத்திரம், வல்லம் வடகால், ஒரகடம் என்று சிப்காட் வளாகங்கள் வரிசையாக நிற்கின்றன. ஷிப்ட் மாறும் நேரத்தில் ஒரகடம் பக்கம் போனால் ரோட்டோரம் எங்கு பார்த்தாலும் ஆட்கள்தான். தோளில் பை, கையில் தண்ணீர் பாட்டில், கண்ணில் பாதித் தூக்கம்.

இதே ஸ்ரீபெரும்புதூரில்தான் 1017-ல் ராமானுஜர் பிறந்தார் என்கிறது வைணவ மரபு. விசிஷ்டாத்வைதத் தத்துவத்தை நிலைநாட்டியவர், பிரம்ம சூத்திரத்துக்கு ஸ்ரீபாஷ்யம் என்ற உரை எழுதியவர், கோயில் மேலே ஏறி ரகசிய மந்திரத்தை ஊருக்கே சொன்னவர் என்று அவரைப் பற்றி நாம் படித்திருப்போம். ஆனால் அவருடைய வாழ்க்கைக் கதையைத் தத்துவத்தைக் கொஞ்சம் ஓரமாக வைத்துவிட்டுப் படித்தால், கண்ணில் படுவது வேறு ஒன்று. மனிதர் நடந்துகொண்டே இருக்கிறார்.

காஞ்சிபுரம், விந்திய மலைக்காடு, ஸ்ரீரங்கம், திருக்கோஷ்டியூர், திருப்பதி, காஷ்மீர், மேல்கோட்டை. வெயிலில், மழையில், சில சமயம் பட்டினியோடு. இத்தனை தூரத்தை ஒரு மனிதர் எப்படித் தாங்கினார்? உடம்பின் தெம்பையும் மனதின் கவனத்தையும் வழியில் சிந்திவிடாமல் எப்படி வைத்துக்கொண்டார்? வெளியில் நின்று, நடந்து, வெயிலில் வேலை பார்க்கும் யாருக்கும் இது சும்மா ஒரு பழங்கதை இல்லை.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடலாம். ராமானுஜரைப் பற்றி நமக்குக் கிடைக்கும் பெரும்பாலான சம்பவங்கள் குருபரம்பரை நூல்கள் வழியாக வந்தவை. அவை பக்தர்கள் எழுதியவை. அவர் 1137 வரை, அதாவது 120 ஆண்டுகள் வாழ்ந்தார் என்பதும் அந்த மரபுக் கணக்குதான். அவருடைய பிறப்பைச் சில பத்தாண்டுகள் பின்னுக்குத் தள்ளும் ஆய்வாளர்களும் உண்டு. கீழே வரும் சம்பவங்களை மரபு சொல்லும்படியே சொல்கிறோம்.

ஒரு நாள் நடை என்றால் எவ்வளவு தூரம்?

பழைய தமிழ்நாட்டில் தூரத்தை நேரத்தால் அளக்கும் வழக்கம் இருந்தது. ஒரு நாழிகை என்பது 24 நிமிடம். அந்த நேரத்தில் நடந்து கடக்கும் தூரம் ஒரு நாழிகை வழி. சாதாரண ஆள் மணிக்கு 5 கி.மீ. நடப்பார் என்று வைத்தால் ஒரு நாழிகை வழி என்பது 2 கி.மீ.

அந்தச் சொல்லிலேயே ஒரு விஷயம் இருக்கிறது பாருங்கள். கல், மைல் என்று நிலத்தை அளக்கவில்லை. நடக்கும் ஆளை அளந்தார்கள். ஏற்றம் வந்தால், மணல் வந்தால், வெயில் வந்தால் அதே நாழிகையில் போகும் தூரம் குறையும். அது தப்பில்லை, இயல்பு.

கையில் மூட்டையோடு, வழியில் சமைத்துச் சாப்பிட்டு, உச்சிப் பொழுதில் நிழலில் இருந்துவிட்டு நடப்பவர் ஒரு நாளைக்கு 25 கி.மீ. போகலாம் என்று ஒரு கணக்கு வைத்துக்கொள்வோம். இது நம் வசதிக்கான கணக்குதான். ஸ்ரீபெரும்புதூரிலிருந்து காஞ்சிபுரம் சுமார் 35 கி.மீ. இன்று பஸ்ஸில் ஒரு மணி நேரம். அன்று ஒன்றரை நாள்.

காட்டில் தனியாக விடப்பட்ட இளைஞர்

ராமானுஜருக்கு வீட்டில் வைத்த பெயர் இளையாழ்வார். அப்பா ஆசூரி கேசவ சோமயாஜி, அம்மா காந்திமதி. கல்யாணம் ஆன கொஞ்ச காலத்தில் அப்பா இறந்துவிட, குடும்பம் காஞ்சிபுரத்துக்குப் போனது. அங்கே யாதவப்பிரகாசரிடம் வேதாந்தம் படித்தார்.

ஆசிரியருக்கும் மாணவருக்கும் ஒத்துப்போகவில்லை. யாதவப்பிரகாசர் சொல்லும் விளக்கங்களை இளையாழ்வார் மறுத்துப் பேசினார். பகை முற்றி, காசி யாத்திரைக்கு அழைத்துப்போகிற சாக்கில் வழியிலேயே அவரைத் தீர்த்துவிடத் திட்டம் போட்டார்கள் என்கிறது மரபு. உடன் வந்த சித்தி மகன் கோவிந்தன் இதைத் தெரிந்துகொண்டு விந்திய மலைப் பக்கம் காதில் போட்டார். இளையாழ்வார் கூட்டத்தை விட்டு விலகிக் காட்டுக்குள் போனார்.

துணை இல்லை, வழி தெரியாது, இருட்டிக்கொண்டு வருகிறது. அப்போது ஒரு வேடனும் அவன் மனைவியும் வந்து சேர்ந்தார்கள். மூவரும் சேர்ந்து நடந்தார்கள். ராத்திரி தங்கியபோது அந்தப் பெண் தாகம் என்று தண்ணீர் கேட்டாள். விடிந்ததும் பக்கத்தில் இருந்த கிணற்றில் இறங்கித் தண்ணீர் எடுத்துக் கொடுத்துவிட்டுத் திரும்பினால் இருவரையும் காணவில்லை. விசாரித்தால் அது காஞ்சிபுரம் என்கிறார்கள். வந்தவர்கள் வரதராஜப் பெருமாளும் தாயாரும்தான் என்று பக்தர்கள் சொல்வார்கள்.

அதிசயத்தை நம்புவதும் நம்பாததும் உங்கள் விருப்பம். கதை தெரிந்தோ தெரியாமலோ ஒன்றைச் சரியாகப் பிடித்திருக்கிறது. தெரியாத இடத்தில் தனியாக நடப்பவரை முதலில் களைக்கவைப்பது தூரமில்லை, பயம். எந்தப் பக்கம் போவது என்று யோசித்தே ஆள் சோர்ந்துவிடுவார். பேச்சுத்துணை வந்ததும் அதே வழி சுருங்கிவிடும். ராத்திரி ஷிப்ட் முடிந்து பஸ் ஸ்டாப்புக்கு இரண்டு பேராக நடக்கும் பெண்களைக் கேளுங்கள், சொல்வார்கள்.

தினமும் ஒரு குடம் தண்ணீர்

அந்தக் கிணற்றை இன்றும் சாலைக்கிணறு என்கிறார்கள். காஞ்சிபுரத்தில் செவிலிமேடு பக்கம் இருக்கிறது. யாதவப்பிரகாசரை விட்டு விலகிய பிறகு, இளையாழ்வார் திருக்கச்சி நம்பியிடம் வழி கேட்டார். நம்பி அந்தணர் இல்லை. பெருமாளுக்கு விசிறி வீசும் சேவை செய்தவர். சாலைக்கிணற்றிலிருந்து தினமும் பெருமாளுக்குத் தீர்த்தம் கொண்டுவரும் வேலையை அவர் சொன்னார்.

வாதத்தில் ஆசிரியரையே மடக்கிய அறிவாளிக்குக் கிடைத்த வேலை தண்ணீர் சுமப்பது! அதை அவர் செய்தார். ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு கிலோ. 10 லிட்டர் குடம் என்றால் குடத்தின் கனம் போக 10 கிலோ. சில கிலோமீட்டர் தளும்பாமல் கொண்டுவர வேண்டும். வேகமாக நடந்தால் சிந்தும். மெதுவாக நடந்தால் தோள் வலிக்கும். குடம் சுமந்தவர்களுக்குத் தெரியும், தண்ணீர்தான் நடையின் வேகத்தைத் தீர்மானிக்கும்.

மற்ற நெடும்பயணங்கள் எல்லாம் இதற்குப் பிறகுதான் வருகின்றன. அதற்கு முன்னால் ஒரே பாதை, ஒரே சுமை, தினமும். உடம்பைப் பழக்குவது இப்படித்தான் நடக்கும். இன்றைய மருத்துவமும் இதையே சொல்கிறது. வெயிலில் வேலை செய்து பழக்கமில்லாத உடம்பு அதற்குத் தயாராக ஒன்று முதல் இரண்டு வாரம் பிடிக்கும். அந்த நாட்களில் வியர்க்கும் விதமே மாறும். சீக்கிரம் வியர்க்கும், வியர்வையில் போகும் உப்பு குறையும். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே பழைய ஆட்களுக்குச் சமமாக வெயிலில் மூட்டை தூக்கி, தன் வீரத்தைக் காட்ட நினைக்கும் தம்பிகள்தான் முதலில் விழுகிறார்கள்.

நடந்தும் தாமதமான ஒரு நாள்

ராமானுஜரின் வாழ்க்கையில் மிகப் பெரிய வலி ஒரு பயணத்தின் கடைசியில்தான் வந்தது.

ஸ்ரீரங்கத்தில் ஆளவந்தார் என்னும் யாமுனாசாரியர் முதுமையில் இருந்தார். தனக்குப் பிறகு வைணவத்தைத் தாங்கப்போகிறவர் காஞ்சியில் இருக்கும் இந்த இளைஞர்தான் என்று அவருக்குத் தோன்றியது. அழைத்துவர பெரிய நம்பியை அனுப்பினார். பெரிய நம்பி காஞ்சிக்கு வந்தார். இளையாழ்வார் உடனே கிளம்பினார்.

காஞ்சியிலிருந்து ஸ்ரீரங்கம் ஏறக்குறைய 300 கி.மீ. நம் கணக்கில் 12 நாள் நடை. நடந்து நடந்து காவிரிக் கரைக்கு வந்தால் எதிரே கூட்டம். ஆளவந்தாரின் இறுதி ஊர்வலம்.

உயிரோடு ஒரு தடவைகூடப் பேச முடியவில்லை. ஆளவந்தாரின் கையில் மூன்று விரல்கள் மடங்கியிருந்ததையும், அவருடைய நிறைவேறாத மூன்று ஆசைகளை நிறைவேற்றுவதாக இளையாழ்வார் ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல அந்த விரல்கள் நிமிர்ந்ததையும் மரபு சொல்கிறது. பிரம்ம சூத்திரத்துக்கு உரை எழுதுவது அதில் ஒன்று.

பலரும் விரல்கள் நிமிர்ந்ததோடு கதையை முடித்துவிடுவார்கள். அதற்கு அடுத்து நடந்தது எனக்கு முக்கியமாகப் படுகிறது. அவர் ஸ்ரீரங்கம் கோயிலுக்குள் போகவில்லை. அரங்கனைப் பார்க்காமலேயே வந்த வழியே திரும்பினார். இன்னொரு 300 கி.மீ., இந்தத் தடவை துக்கத்தோடு. போகும்போது இருந்த அதே ரோடு, அதே கால். ஆனால் அந்த 12 நாள் எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

மதுராந்தகத்தில் என்ன ஆனது?

கொஞ்ச காலம் கழித்து அவர் மறுபடி ஸ்ரீரங்கம் கிளம்பினார், பெரிய நம்பியைக் குருவாக ஏற்க. அதே சமயம் பெரிய நம்பியும் இவரைத் தேடிக் காஞ்சிக்கு வந்துகொண்டிருந்தார். இருவரும் மதுராந்தகத்தில், ஏரிகாத்த ராமர் கோயிலில் எதிரெதிரே சந்தித்துக்கொண்டார்கள்.

ஸ்ரீரங்கம் போய் முறைப்படி தீட்சை தரலாம் என்பது பெரிய நம்பியின் எண்ணம். இளையாழ்வார் ஒத்துக்கொள்ளவில்லை. ஆளவந்தார் விஷயத்தில் காத்திருந்து இழந்தவர் அவர். இங்கேயே, இப்போதே என்று கேட்டார். கோயில் வளாகத்தில் மகிழ மரத்தடியில் தீட்சை நடந்தது. சேர வேண்டிய ஊரைவிட, எதற்காகக் கிளம்பினோம் என்பதுதான் அவருக்குப் பெரிதாகத் தெரிந்திருக்கிறது. சேர வேண்டிய ஊரை எட்டாமல் பாதி வழியில் நின்றதை அவர் குறையாக நினைக்கவில்லை.

பிறகு துறவறம், ஸ்ரீரங்கம் கோயில் பொறுப்பு எல்லாம் வந்தன.

18 தடவை திருக்கோஷ்டியூர்

எல்லோருக்கும் தெரிந்த கதை இது. ஆனால் கணக்குப் போட்டுப் பார்த்தவர்கள் குறைவு.

திருக்கோஷ்டியூர், சிவகங்கை மாவட்டம் திருப்பத்தூர் பக்கம் இருக்கிறது. ஸ்ரீரங்கத்திலிருந்து இன்றைய ரோடு கணக்கில் சுமார் 100 கி.மீ. காவிரியின் பச்சையைத் தாண்டினால் புதுக்கோட்டைப் பக்கம் வறண்ட பூமி. அங்கே இருந்த திருக்கோஷ்டியூர் நம்பியிடம் திருமந்திரத்தின் உட்பொருளைக் கேட்க ராமானுஜர் போனார். நம்பி சொல்லவில்லை. திருப்பி அனுப்பினார். மறுபடி போனார். மறுபடியும் இல்லை என்றார். இப்படி 17 தடவை.

போக 100, வர 100. 18 தடவைக்கு 3,600 கி.மீ. நம் 25 கி.மீ. கணக்கில் 144 நாள், வெறும் நடைக்கு மட்டும்! இதற்கு நடுவில் கோயில் நிர்வாகம், பாடம், சீடர்கள் என்று எல்லா வேலையும் இருந்தது.

இந்தக் கதையைச் சொல்லும்போது விடாமுயற்சி என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவோம். அது போதாது. ஒரு தடவை ஏமாந்து திரும்பும் ஆளுக்கு அடுத்த தடவை கால் கனக்கும். போன தடவை நடந்ததை நினைத்தே பாதித் தெம்பு போய்விடும். இந்தத் தடவையாவது சொல்வாரா என்று ஒவ்வொரு அடிக்கும் கேட்டுக்கொண்டு நடந்தால் மூன்றாவது தடவையே ஆள் நின்றிருப்பார். அவர் ஒவ்வொரு தடவையும் ஸ்ரீரங்கம் திரும்பி, அங்கே இருந்த வேலையைப் பார்த்தார். திருக்கோஷ்டியூரில் காத்துக்கிடந்து பட்டினி போராட்டம் நடத்தவில்லை. வருவதும் போவதும் அவருடைய வாழ்க்கைக்குள்ளேயே ஒரு பகுதி ஆகிவிட்டது.

18-வது அழைப்பு வந்தபோது தண்டும் பவித்திரமும் மட்டும் எடுத்துக்கொண்டு தனியாக வரச் சொல்லியிருந்தார் நம்பி. ராமானுஜரோ முதலியாண்டானையும் கூரத்தாழ்வானையும் கூடவே கூட்டிக்கொண்டு போனார். இவர்கள்தான் என் தண்டும் பவித்திரமும் என்று விளக்கம் சொன்னார். துறவிக்குக் கையில் இருக்கும் கோலைப் போல இவர்கள் இல்லாமல் தன்னால் முடியாது என்று அர்த்தம். அந்தத் தடவைதான் உபதேசம் கிடைத்தது. கேட்டதை யாருக்கும் சொல்லக் கூடாது என்ற கட்டளையை மீறி அவர் கோயில் மேலே ஏறி எல்லோருக்கும் சொன்னது நீங்கள் அறிந்ததுதான்.

காவிரி மணலில் உச்சி வெயில்

இந்தக் கட்டுரைக்கு முக்கியமான சம்பவம் இதுதான்.

ராமானுஜர் தினமும் ஏழு வீடுகளில் பிச்சை எடுத்துச் சாப்பிடுவார். கோயிலில் அவர் கொண்டுவந்த ஒழுங்குகள் சிலருக்குப் பிடிக்கவில்லை. ஒரு வீட்டில் சோற்றில் விஷம் கலந்தார்கள். பரிமாற வந்த பெண் மனசு கேட்காமல் குறிப்பால் உணர்த்த, அவர் பிழைத்தார். அதன் பிறகு அவர் சாப்பிடுவதையே நிறுத்திவிட்டார். யார் மேல் கோபப்படுவது என்று தெரியாத ஒரு மனிதரின் பட்டினி அது.

செய்தி திருக்கோஷ்டியூர் வரை போனது. 17 தடவை திருப்பி அனுப்பிய அதே நம்பி கிளம்பி வந்தார். காவிரிக் கரையில் அவரை வரவேற்க ராமானுஜர் போனார். உச்சி வெயில். குருவைக் கண்டதும் கொதிக்கும் மணலில் விழுந்து வணங்கினார். எழுந்திரு என்று குரு சொல்லும்வரை எழக் கூடாது என்பது முறை. நம்பி ஒன்றும் சொல்லாமல் நின்றார்.

பட்டினி உடம்பு, சுடு மணல், மேலே சூரியன். கூட்டம் பார்த்துக்கொண்டு நிற்கிறது. கிடாம்பி ஆச்சான் என்ற சீடருக்கு மட்டும் பொறுக்கவில்லை. ஓடிப்போய் ராமானுஜரை வாரி எடுத்துத் தன் மேல் போட்டுக்கொண்டு, இது என்ன குரு சீட முறை என்று நம்பியிடமே சண்டைக்குப் போனார்.

நம்பி அதற்குத்தான் காத்திருந்தார். இந்த உடம்பின் மேல் அக்கறை உள்ள ஒரு ஆள் யார் என்று பார்க்க வந்ததாகச் சொல்லி, இனி ராமானுஜருக்குச் சமைத்துப்போடும் பொறுப்பைக் கிடாம்பி ஆச்சானிடம் கொடுத்தார். பட்டினி முடிந்தது.

மரியாதைக்காக வெயிலில் கிடந்தவரை, மரியாதையை உடைத்து ஒருவர் தூக்கினார். அந்தக் கூட்டத்தில் மற்றவர்கள் யாரும் கெட்டவர்கள் இல்லை. முறை என்று ஒன்று இருந்ததால் நின்றார்கள், அவ்வளவுதான்.

வெயில் தாக்கும்போது உடம்பில் நடப்பதை இதோடு சேர்த்துப் பார்க்கலாம். நம் உடம்பு வியர்வை ஆவியாகும்போதுதான் குளிர்கிறது. காற்றில் ஈரப்பதம் அதிகமாக இருந்தால் வியர்வை ஆவியாகாமல் வழிந்துகொண்டே இருக்கும். சூடு உள்ளேயே தங்கும். சென்னைக்குப் பக்கத்தில் இருக்கும் இந்த ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பகுதியில் மே மாதம் ரோட்டில் நின்றவர்களுக்கு அது தெரியும். தலைவலி, கெண்டைக்கால் இழுப்பு, குமட்டல் இவை முதல் அறிகுறிகள். அதோடு நிறுத்தி நிழலுக்கு வந்தால் தப்பிக்கலாம்.

அதைத் தாண்டினால் சிக்கல். பேச்சு குழறும், சம்பந்தம் இல்லாமல் பதில் வரும், நடை தள்ளாடும். அந்த நிலைக்குப் போனவருக்குத் தனக்கு என்ன ஆகிறது என்றே தெரியாது. எனக்கு ஒண்ணும் இல்லண்ணே என்றுதான் சொல்வார். பக்கத்தில் இருப்பவர்தான் பார்க்க வேண்டும். உடனே நிழலுக்குக் கொண்டுபோய், துணியைத் தளர்த்தி, உடம்பு முழுக்கத் தண்ணீர் ஊற்றி விசிறிவிட்டு, 108-க்குக் கூப்பிட வேண்டும். நினைவு தப்பியவர் வாயில் தண்ணீர் ஊற்றக் கூடாது. மூச்சுக்குழாய்க்குள் போய்விடும்.

தமிழ்நாடு அரசு 2024-ல் வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்தது. பேப்பரில் அது வந்துவிட்டது. செக்யூரிட்டி கேட்டிலும், கட்டட வேலை நடக்கும் இடத்திலும், லாரி யார்டிலும் சூப்பர்வைசர் முகத்தைப் பார்த்துக்கொண்டு வெயிலில் நிற்பவரை யார் நிழலுக்கு இழுப்பார்கள் என்பது அந்தந்த இடத்தில் இருக்கும் கிடாம்பி ஆச்சான்களைப் பொறுத்தது.

காஷ்மீருக்கு நடை, ராத்திரிப் படிப்பு

ஆளவந்தாருக்குக் கொடுத்த வாக்குப்படி பிரம்ம சூத்திரத்துக்கு உரை எழுத வேண்டும். அதற்குப் போதாயனர் எழுதிய பழைய விருத்தி நூல் தேவைப்பட்டது. அது காஷ்மீரில் இருப்பதாகத் தெரிந்தது. ஸ்ரீரங்கத்திலிருந்து ஸ்ரீநகர், வரைபடத்தில் நேர்கோடு போட்டு அளந்தாலே 2,500 கி.மீ.க்கு மேல். நம் கணக்கில் குறைந்தது 100 நாள். உண்மையில் மலையும் ஆறும் சுற்றிப் போக இன்னும் அதிகம் ஆகியிருக்கும்.

கூரத்தாழ்வானும் கூட வந்தார். நூல் கிடைத்தது. ஆனால் வரும் வழியிலேயே அங்கிருந்து ஆட்கள் வந்து அதைத் திரும்ப வாங்கிக்கொண்டு போய்விட்டார்கள். அத்தனை தூரம் நடந்தது வீண் என்று ராமானுஜர் மனம் உடைந்தார். அப்போதுதான் கூரத்தாழ்வான் விஷயத்தைச் சொன்னார். பகல் முழுக்க நடந்து களைத்து குரு தூங்கும் ராத்திரிகளில், தான் விழித்திருந்து நூல் முழுவதையும் படித்து மனதில் ஏற்றிவிட்டதாக.

பின்னால் ஸ்ரீபாஷ்யம் எழுதும்போது ராமானுஜர் சொல்ல, கூரத்தாழ்வான் எழுதினார். ஒருவர் தூங்கியதால் அடுத்த நாள் நடை நடந்தது. ஒருவர் தூங்காததால் நூல் பிழைத்தது. ஒரே ஆள் இரண்டையும் செய்திருக்க முடியாது. (கூரத்தாழ்வான் செய்தாரே என்று நைட் ஷிப்ட் முடித்துவிட்டுப் பகலிலும் விழித்திருந்து பைக் ஓட்டிப் பார்க்க வேண்டாம். அது வேறு மாதிரி முடியும்.)

வெள்ளை வேட்டியில் மேற்கு நோக்கி

அடுத்து வந்தது உயிருக்கு ஓடிய பயணம். சோழ மன்னர் ஒருவர் ராமானுஜரைப் பிடித்துவர ஆள் அனுப்பினார் என்கிறது மரபு. அந்த மன்னர் யார் என்பதில் வரலாற்று அறிஞர்களுக்குள் கருத்து வேறுபாடு உண்டு. கூரத்தாழ்வான் ராமானுஜரின் காவி உடையைத் தான் உடுத்திக்கொண்டு சோழன் அவைக்குப் போனார். வயதான பெரிய நம்பியும் கூடப் போனார். ராமானுஜர் வெள்ளை உடை உடுத்தி, சில சீடர்களோடு மேற்கே காட்டு வழியில் நடந்தார்.

ஆறு நாள் சரியான சாப்பாடு இல்லை, மழை வேறு. இருட்டில் தூரத்தில் தெரிந்த நெருப்பை வைத்து ஒரு வேடர் குடியிருப்பை அடைந்தார்கள். அவர்கள் தேனும் தினையும் கொடுத்துக் குளிர் காயவைத்தார்கள். தேன் உடனே தெம்பு தரும், தினை மெதுவாகச் செரித்து நின்று தாங்கும். ஆறு நாள் நடந்த உடம்புக்கு அதைவிடப் பொருத்தமான சாப்பாடு அந்தக் காட்டில் கிடைத்திருக்காது. கொடுத்தவர்கள் யாரென்று பார்த்தால், ஊரில் யாரும் மதிக்காத வேடர்கள்.

ராமானுஜர் கர்நாடகம் போய்ச் சேர்ந்தார். ஹொய்சள மன்னர் விஷ்ணுவர்த்தனன் ஆதரவு கிடைத்தது. மேல்கோட்டையில் கோயிலை ஒழுங்குபடுத்தி, சுமார் 12 ஆண்டுகள் அங்கேயே இருந்தார்.

ஆனால் அவருடைய நடை தப்பியதற்கு வேறு இருவர் விலை கொடுத்தார்கள். சோழன் அவையில் கூரத்தாழ்வானும் பெரிய நம்பியும் கண்களை இழந்தார்கள். ஆளவந்தார் சொல்லிக் காஞ்சிக்கு நடந்து வந்த அதே பெரிய நம்பி, முதுமையில், பார்வை இல்லாமல், திரும்பும் வழியில் பசுபதிகோயில் அருகே உயிர் விட்டார். ஸ்ரீரங்கம் வரை போய்ச் சேர அவரால் முடியவில்லை. ராமானுஜரின் பயணங்களை வெறும் சாதனைக் கதையாகச் சொல்பவர்கள் இந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்டிவிடுகிறார்கள்.

ஆற்றுக்குப் போகும்போது ஒருவர் தோள், வரும்போது இன்னொருவர் தோள்

சோழன் இறந்த பிறகு ராமானுஜர் ஸ்ரீரங்கம் திரும்பினார். மீதி வாழ்க்கை அங்கேயே. காஷ்மீர் வரை போன கால்களுக்கு இப்போது காவிரிக்குப் போய்வருவதே தினசரி நடை.

முதுமையில் அதற்கும் ஆள் துணை வேண்டியிருந்தது. குளிக்கப் போகும்போது அந்தணச் சீடர் முதலியாண்டான் தோளைப் பிடித்துப் போவார். குளித்துத் திரும்பும்போது உறங்காவில்லி தாசர் தோளைப் பிடித்து வருவார். உறங்காவில்லி தாசர் உறையூரைச் சேர்ந்த மல்லர், வேறு சாதி. குளித்துச் சுத்தமான பிறகு அவரைத் தொட்டு வருவதா என்று அன்று பலர் முகம் சுளித்தார்கள். ராமானுஜர் மாற்றிக்கொள்ளவில்லை. மல்லர் தோள் உறுதியாகவும் இருந்திருக்கும் என்று நினைக்கத் தோன்றுகிறது.

ஸ்ரீபெரும்புதூருக்கு அவர் திரும்ப வந்து தங்கவில்லை. ஊர்க்காரர்கள் அவர் இருக்கும்போதே அவரைப் போல ஒரு சிலை செய்து ஸ்ரீரங்கத்துக்குக் கொண்டுபோனார்கள். அவர் அதைத் தழுவிக் கொடுத்தார் என்பது மரபு. அதனால் அதற்குத் தானுகந்த திருமேனி என்று பெயர். மேல்கோட்டையில் சீடர்களுக்காக இருப்பது தமருகந்த திருமேனி. ஸ்ரீரங்கத்தில் இருப்பது தானான திருமேனி.

ஸ்ரீரங்கத்திலிருந்து ஸ்ரீபெரும்புதூர் ஏறக்குறைய 300 கி.மீ. அந்தச் சிலையை ஊர்க்காரர்கள் எடுத்து வந்து ஆதிகேசவப் பெருமாள் கோயிலில் வைத்தார்கள். ஒவ்வொரு ஆண்டும் சித்திரைத் திருவாதிரையை ஒட்டி உற்சவம் நடக்கும்போது ராமானுஜர் வீதியில் வருகிறார், ஆட்களின் தோளில். தூக்கிவருபவர்கள் வழியில் நின்று, தோள் மாற்றிக்கொண்டு, மறுபடி நடக்கிறார்கள்.